மெகலோடான் பல், டங்கிளியோஸ்டியஸ் மண்டை, ஹெலிகோப்ரியான் சுருள்: மூன்று வார்ப்புகள் உள்ள பெட்டியை வாங்கலாமா?

அழிந்துபோன மூன்று மீன்களின் ரெசின் வார்ப்புகள் (மெகலோடான் சுறாவின் பல், டங்கிளியோஸ்டியஸ் என்ற கவச மீனின் மண்டை, ஹெலிகோப்ரியான் என்ற மீனின் பற்சுருள்), ஒரு சிறு கையேடு, பல்லை நிறுத்தி வைக்க மரத் தாங்கி ஒன்று. பெட்டியின் விலை 3,200 ரூபாய். ராமநாதபுரம் மாவட்டத்துக்குக் கூரியர் செலவு தனி. பல் மட்டும் வேண்டுமென்று கேட்டால் 1,100 ரூபாய்க்குத் தருகிறார்கள். பள்ளி அறிவியல் மன்றத்துக்கோ, மீன் என்றால் உயிரை விடும் பிள்ளைக்கோ வாங்குவதானால் அந்தப் பல் ஒன்றே போதும். சுருள் பரவாயில்லை. மண்டை வேண்டாம்.

மெகலோடான் சுமார் 2.3 கோடி ஆண்டுகளுக்கு முன் தோன்றி, 36 லட்சம் ஆண்டுகளுக்கு முன் அழிந்துபோன சுறா. சுறாவுக்கு உடம்பெல்லாம் குருத்தெலும்பு. மண்ணில் புதைந்தால் பெரும்பாலும் மிஞ்சாது. பல் மிஞ்சும், அரிதாக நடுமுள்ளின் (முதுகெலும்பின்) கண்ணிகள் மிஞ்சும். பல் இவ்வளவு கிடைப்பதற்கான காரணத்தைப் பாம்பன் மீன் இறங்குதளத்தில் ஒரு பால்சுறாவின் தாடையை வாங்கிப் பார்த்தாலே புரிந்துகொள்ளலாம். நிமிர்ந்து நிற்கும் பல் வரிசைக்குப் பின்னால், ஈறுக்குள் படுத்தபடி அடுத்தடுத்த வரிசைகள் காத்திருக்கும். முன்பல் விழ விழப் பின்பல் முன்னேறும். ஒரு சுறா தன் ஆயுளில் ஆயிரக்கணக்கில் பல் உதிர்க்கிறது. இந்த வார்ப்பைப் பிள்ளைகளிடம் கொடுக்கும்போது பக்கத்தில் ஒரு பால்சுறாத் தாடையும் இருந்தால் பாதிப் பாடம் சொல்லாமலே முடிந்துவிடும்.

வார்ப்பில் பார்க்க வேண்டியவை வேர், வேருக்கும் பல்லின் மகுடத்துக்கும் (ஈறுக்கு வெளியே தெரியும் பகுதிக்கும்) நடுவே வரும் பட்டை, ரம்ப விளிம்பு ஆகிய மூன்றும்தான். பல்லின் உட்பக்கத்தில், வேர் முடிந்து மகுடம் தொடங்கும் இடத்தில் கவிழ்ந்த அம்புக்குறி வடிவில் அகலமான கருமைப் பட்டை இருக்க வேண்டும். மலிவான வார்ப்புகளில் அதை வெறும் பெயின்டால் தீட்டியிருப்பார்கள். விரலால் தடவினால் எந்த மாற்றமும் தெரியாது. இதில் பட்டை லேசாகத் தாழ்ந்து, மேல்பரப்பின் சொரசொரப்பும் மாறுகிறது. அசல் பல்லிலிருந்து நேரடியாக அச்சு எடுத்திருக்கிறார்கள் என்பதற்கு அதுவே அடையாளம். ரம்ப விளிம்பு மேல் முக்கால் பங்கில் மெல்லியதாக, சீராக இருக்கிறது. வெள்ளைச் சுறாவின் பல்லில் இந்த ரம்பம் தடித்து, ஒழுங்கில்லாமல் இருக்கும். இரண்டையும் பிரித்தறிய இது உதவும். வேரை ஒட்டிய கால் பங்கில் மட்டும் ரம்பம் மழுங்கியிருக்கிறது. ஒரே ரப்பர் அச்சில் நிறைய வார்த்தால் நுண்ணிய விளிம்புகள்தான் முதலில் தேயும். வாங்கும்முன் விளிம்பை நெருக்கத்தில் எடுத்த படம் கேளுங்கள். தேய்ந்த அச்சில் வந்த பல்லை மாற்றித் தரச் சொல்லலாம்.

அளவில்தான் கவனம் வேண்டும். விளம்பரத்தில் ‘6 அங்குலப் பல்’ என்கிறார்கள். முனையிலிருந்து வேரின் ஓரம்வரை சாய்வாக அளந்தால் 152 மில்லிமீட்டர் வருகிறது, பொய்யில்லை. ஆனால் முனையிலிருந்து வேரின் அடிமட்டத்துக்குச் செங்குத்தாக அளந்தால் 140 மில்லிமீட்டர்தான். 1996-ல் ஆய்வாளர் காட்ஃப்ரைட் குழுவினர் தந்த சூத்திரத்துக்குச் செங்குத்து உயரமே வேண்டும்: உயரத்தை மில்லிமீட்டரில் எடுத்து 0.096-ஆல் பெருக்கி, 0.22-ஐக் கழித்தால் சுறாவின் நீளம் மீட்டரில் கிடைக்கும். 140 வைத்தால் 13.2 மீட்டர். சாய்வு அளவான 152-ஐ வைத்தால் 14.4 மீட்டர். அளவுகோல் வைத்த கோணம் மட்டும் ஒரு மீட்டருக்கு மேல் சுறாவை நீட்டிவிடுகிறது. கையேட்டில் சூத்திரம் இருக்கிறது, எந்த உயரம் என்ற குறிப்பு இல்லை.

இந்தக் கணக்கு மேல்தாடை முன்பல்லுக்கு மட்டுமே பொருந்தும். முன்பல் இரு பக்கமும் ஏறத்தாழச் சமமாக இருக்கும். ஓரப்பல் வாய்க்கோணத்தை நோக்கிச் சாய்ந்து, குட்டையாக இருக்கும். இந்த வார்ப்பு முன்பல்தான், அந்த வகையில் தேர்வு சரி. 1909-ல் நியூயார்க்கின் அமெரிக்க இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்துக்காக பாஷ்ஃபோர்டு டீன் அமைத்த மெகலோடான் தாடையில் ஓரத்துப் பற்களையும் முன்பல் அளவிலேயே வைத்ததால், தாடை பெருத்து, சுறா 30 மீட்டர் என்ற நம்பிக்கை வெகுகாலம் ஓடியது. அந்த 30 மீட்டரைக் கையேட்டின் அட்டையில் இன்னும் அச்சிட்டிருப்பதை மன்னிக்க முடியவில்லை. 2025-ல் தொல்லுயிர் ஆய்வாளர் கென்ஷு ஷிமாடா குழுவினர் பல்லை விட்டுவிட்டு நடுமுள்ளிலிருந்து கணக்குப் போட்டார்கள். பெல்ஜியத்தில் கிடைத்த 11 மீட்டர் நீள முள்தொடருக்குரிய சுறா 16.4 மீட்டர், டென்மார்க்கில் கிடைத்த 23 சென்டிமீட்டர் விட்டமுள்ள கண்ணிகளுக்குரியது 24.3 மீட்டர் வரை இருக்கலாம் என்பது அவர்கள் முடிவு. வெள்ளைச் சுறாபோலக் கட்டையாக இல்லாமல் ஒல்லியாக நீண்ட உடல் என்றும் சொல்கிறார்கள்.

அதே பெல்ஜிய முள்ளின் கண்ணியில் வயதைக் காட்டும் 46 வளர்ச்சி வளையங்கள் எண்ணப்பட்டன. பிறக்கும்போதே குட்டி சுமார் 2 மீட்டர் இருந்திருக்கும் என்ற 2021-ம் ஆண்டுக் கணிப்பும் அதிலிருந்து வந்ததுதான். பெட்டியில் ஒரு முள் கண்ணியின் வார்ப்பையும் சேர்த்திருந்தால் மண்டையைத் தூக்கிப் போட்டிருக்கலாம். இல்லாத குறைக்குப் பால்சுறாவின் நடுமுள்ளை வெந்நீரில் ஐந்து நிமிடம் போட்டு, சதையை வழித்து, நிழலில் உலர்த்தி, ஒரு கண்ணியை மெல்லிய பிளேடால் நெடுக்காக அறுத்து, பூதக்கண்ணாடியில் வெளிச்சத்துக்கு எதிரே பிடித்துப் பாருங்கள். வெயிலில் உலர்த்தினால் கண்ணி சுருங்கி வளையம் மங்கிவிடும்.

இது வார்ப்பு என்று சொல்லித்தான் விற்கிறார்கள். ஆனால் இதே மாதிரி ஒன்றை யாராவது ‘அசல்’ என்று நீட்டினால் சோதிக்க எளிய வழி இருக்கிறது. சமையலறைத் தராசில் பல்லை எடை போடுங்கள். இது 210 கிராம். பிறகு தண்ணீர்க் கிண்ணத்தைத் தராசில் வைத்து, அளவைப் பூஜ்யமாக்கி, பல்லை நூலில் கட்டி, அடியையோ பக்கத்தையோ தொடாமல் முழுதும் மூழ்கவிடுங்கள். தராசு காட்டுவது இடம்பெயர்ந்த நீரின் எடை. இங்கே 172 கிராம். 210-ஐ 172-ஆல் வகுத்தால் அடர்த்தி 1.22. ரெசினுக்குரிய எண் அது. கல்லாகிப்போன பல்லுக்கு 2-க்கு மேல் வரும், இதே பருமனில் கையில் நன்றாகக் கனக்கும். கல்தூள் கலந்த ரெசின் எண்ணைச் சற்று ஏற்றிக் காட்டும் என்பதால், அச்சு இணைந்த கோட்டையும் ஊசிமுனைக் காற்றுக் குமிழ்களையும் சேர்த்துத் தேடுங்கள். உடைந்த அசல் பல்லில் ரெசின் வேர் ஒட்டி, பெயின்ட் அடித்து விற்பதும் உண்டு. ஒரு மூலையில் அசிட்டோன் தொட்ட பஞ்சால் தேய்த்தால் சாயம் பஞ்சில் ஏறும். வார்ப்பில் இந்தச் சோதனை வேண்டாம், மேல்பூச்சு போய்விடும்.

தனுஷ்கோடிக் கடலில் எடுத்தது என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். ராமேஸ்வரம் தீவில் கண்ணுக்குத் தெரியும் பவளப் பாறைகள் சில ஆயிரம் ஆண்டுப் பழசு. மெகலோடான் காலத்துப் படிவு அங்கே வெளியே தெரிவதில்லை. தமிழ்நாட்டில் சுறாப் பற்கள் புதைபடிவமாகக் கிடைப்பது பெரம்பலூர் மாவட்டத்துக் காரைப் பக்கம், டைனோசர்கள் வாழ்ந்த கிரீட்டேசியக் காலத்துக் களிமண் அடுக்கில். அவை மெகலோடானைவிடப் பல மடங்கு பழமையான வேறு இனங்களுடையவை. சங்குக் கடைகளில் வேளாச் சுறாவின் கொம்பு (ரம்பம் போன்ற நீண்ட மூக்கு) தொங்கினாலும் வாங்கக் கூடாது. வேளாவும் திமிங்கலச் சுறாவும் பவளமும் 2001 முதல் வனவிலங்குச் சட்டத்தின் முதல் அட்டவணையில் இருக்கின்றன. ஒப்பிட்டுப் பார்க்கவென்று கரையிலிருந்து ஒரு பவளத்துண்டை எடுத்து வருவதும் குற்றமே.

டங்கிளியோஸ்டியஸ் மண்டையைப் பார்த்தால் வருத்தம்தான். சுமார் 36 கோடி ஆண்டுகளுக்கு முந்தைய கவச மீன். அமெரிக்காவின் ஓஹையோ மாநிலத்து கிளீவ்லேண்ட் ஷேல் பாறைகள்தான் இதற்குப் பேர்போனவை. அதற்குப் பல் கிடையாது. தாடை எலும்பே கத்தியாகி, வாய் மூடும்போது ஒன்றோடொன்று உரசித் தீட்டிக்கொள்ளும். கீழ்த்தாடை இறங்கும் அதே நேரம் கழுத்து மூட்டில் மண்டையும் மேலே தூக்கும். அதனால்தான் நொடியில் ஐம்பதில் ஒரு பங்கில் வாய் திறந்தது என்று 2007-ல் ஆண்டர்சனும் வெஸ்ட்னீட்டும் கணித்தார்கள். இந்த வார்ப்பிலோ கீழ்த்தாடை மட்டும் அசைகிறது, கழுத்து மூட்டு இறுகிக் கிடக்கிறது. காட்ட வேண்டிய ஒரே விஷயத்தைக் காட்டாத மாடலுக்குக் காசு எதற்கு? கையேட்டில் நீளம் 10 மீட்டர். கவசம் போர்த்த முன்பாதிதான் படிவமாகக் கிடைக்கிறது, பின்னுடல் ஊகம். 2023-ல் ரஸ்ஸல் எங்கல்மன் மண்டை விகிதங்களிலிருந்து கணக்கிட்டு, பெரியதே 4 மீட்டர் சொச்சம்தான் என்றார்.

ஹெலிகோப்ரியான் சுருள் தட்டையான, 18 சென்டிமீட்டர் வார்ப்பு. டைனோசர்களுக்கும் முந்தைய பெர்மியன் காலத்து மீன். 1899-ல் ரஷ்ய நிலவியலாளர் கார்ப்பின்ஸ்கி பெயரிட்டார். அதன் பற்கள் உதிரவில்லை. பழையவை சுருளின் நடுவுக்குள் சுருண்டு போயின, அதனால் நடுவில் சிறுபல், வெளியே பெரும்பல். வார்ப்பில் அந்த வரிசை தெளிவாகத் தெரிகிறது. சுருள் கீழ்த்தாடையில்தான் இருந்தது என்பதை இடாஹோ மாதிரியை சி.டி. ஸ்கேன் செய்து 2013-ல் நிறுவினார்கள். கையேட்டுப் படம் அதைச் சரியாகவே வரைந்திருக்கிறது, சுறா என்று எழுதியதை மட்டும் அடித்துவிடுங்கள். அது கைமீரா என்ற குருத்தெலும்பு மீன் வகைக்கு நெருங்கிய உறவு.

மரத் தாங்கியில் இருப்பவை இரும்புத் திருகுகள். பாம்பன், மண்டபம் உப்புக்காற்றில் சீக்கிரம் துருவேறி, வேரின் அடியில் பழுப்புக் கறை படியும். வந்த அன்றே துருப்பிடிக்காத எஃகுத் திருகாக மாற்றிவிடுங்கள். ஜன்னலோரமோ கார் டேஷ்போர்டோ வேண்டாம். ரெசின் மஞ்சளாகும், சூட்டில் இளகி மெல்லிய முனை வளையும். வளைந்துவிட்டால் கை பொறுக்கும் சூட்டு வெந்நீரில் முனையை மட்டும் முக்கி, நேராக்கி, பச்சைத் தண்ணீரில் காட்டினால் பழையபடி நிற்கும். வேர் மூலை உடைந்தால் இன்ஸ்டன்ட் பசை ஒரு சொட்டு போதும். மிகுந்தால் உடைந்த இடத்தைச் சுற்றி வெள்ளையாகப் பூத்துவிடும்.