டவர் வந்துவிட்டது என்று நம்பிப் பணத்தைக் கொடுத்துவிடாதீர்கள்

கடலூர், புதுச்சேரி பக்கம் ரூட் செய்த (கம்பெனி போட்ட தடையை நீக்கி முழு அனுமதி எடுத்த) போன் வைத்திருப்பவர்கள் தயவுசெய்து இதைப் படியுங்கள்.

என் மீடியாடெக் சிப் போனில் போட்ட கஸ்டம் ரோம் (கம்பெனி தராத, வெளியார் செய்த ஆண்ட்ராய்டு) சரிவரவில்லை. பழையபடி மாற்றலாம் என்று கம்ப்யூட்டரில் ஃபிளாஷ் செய்தபோது (சாஃப்ட்வேரை மறுபடி ஏற்றியபோது) எல்லாவற்றையும் அழிக்கும் 'ஃபார்மட் ஆல்' கொடுத்துவிட்டேன். ஒவ்வொரு போனையும் அடையாளம் காட்டும் ஐஎம்இஐ எண் இருக்கும் என்விராம் என்ற நினைவகப் பகுதியும் அதோடு அழிந்துபோனது. அதனால் இரண்டு சிம்மிலும் டவர் இல்லை. வைஃபை பட்டியலில் 'என்விராம் வார்னிங்' என்று புதிதாக ஒரு பெயர். ஃபிளாஷ் செய்யும் முன் என்விராமை (சில போன்களில் இஎஃப்எஸ்) பேக்கப் எடுத்து வேறு இடத்தில் வைத்திருந்தால் இவ்வளவு தூரம் வந்திருக்காது.

புதுச்சேரியில் ஒரு சர்வீஸ் கடைக்குக் கொண்டுபோனேன். "அரை மணி நேரம் சார், 1,200 ரூபாய்" என்றார். ஐஎம்இஐ எண் ஒட்டியிருந்த போன் பெட்டியை நீட்டினேன், வாங்கியே பார்க்கவில்லை. சொன்னபடி டவர் வந்தது. ஜிபேயில் பணம் போட்டுவிட்டுக் கிளம்பினேன்.

பஸ் தவளக்குப்பம் தாண்டும்போது சும்மா, ஐஎம்இஐ எண்ணைக் காட்டும் *#06# அடித்துப் பார்த்தேன். இரண்டு சிம்முக்கும் ஒரே 15 இலக்க எண். பெட்டியிலோ இரண்டு வெவ்வேறு எண்கள், இரண்டுமே இது இல்லை. அது எந்தப் போனின் எண் என்று அறிய, கேஒய்எம் (KYM) என்று அடித்து, இடம் விட்டு அந்த எண்ணையும் போட்டு அரசின் 14422-க்கு எஸ்எம்எஸ் அனுப்பினேன். பதிலில் வந்தது வேறு கம்பெனி, வேறு மாடல். வயிற்றைக் கலக்கிவிட்டது.

அந்த எண்ணுக்குரியவர் நாளை போன் தொலைந்ததென்று சஞ்சார் சாத்தி என்ற அரசு இணையதளத்தில் புகார் கொடுத்து முடக்கினால் என் போனும் சேர்ந்து முடங்கும். போலீஸ் அந்த எண்ணைத் தேடினால் என் வீட்டு வாசலுக்குத்தான் வரும். 2023 தொலைத்தொடர்புச் சட்டப்படி இப்படி எண்ணை மாற்றுவது குற்றம்: 3 ஆண்டு வரை சிறை, 50 லட்சம் வரை அபராதம். கடைக்காரர் செய்த வேலை, போன் இருப்பது என் கையில்.

மறுநாளே கடைக்குத் திரும்பப் போய்க் கேட்டேன். "டவர் வருதுல்ல, அப்புறம் என்ன சார்?" என்றார். என் பெட்டியில் உள்ள எண் எங்கே என்றதற்குப் பதிலே இல்லை.

பிறகு பில், பெட்டியோடு கம்பெனி சர்வீஸ் சென்டருக்குப் போனேன். ரூட் செய்ததால் வாரண்டி கிடையாது, போர்டைத்தான் மாற்ற வேண்டும் என்றார்கள். முதலிலேயே அங்கே போயிருக்க வேண்டும். இப்போதைக்கு சிம்மைக் கழற்றி வைத்திருக்கிறேன். கடைக்காரர் பணத்தைத் திருப்பித் தரவில்லை. பில்லும் போடவில்லை. புகார் கொடுக்க என்னிடம் இருப்பது அந்த ஜிபே ரசீதும் 14422-லிருந்து வந்த எஸ்எம்எஸ்ஸும்தான்.