டா லாட் மலையில் ஒரு நாள்: அருவிகளும் கோஹோ வீட்டுத் தறியும்

காலாண்டுத் தேர்வு விடுமுறையையொட்டி, செப்டம்பர் மாத இறுதியில், நானும் என் மனைவியும் மகளும், எழுபது வயதை நெருங்கும் என் அம்மையும் வியட்நாம் சென்று வந்தோம். ஹோ சி மின் நகரிலிருந்து ஏறத்தாழ 300 கிலோமீட்டர் தொலைவில், 1,500 மீட்டர் உயரத்தில் அமைந்துள்ள டா லாட் மலைநகரில் மூன்று நாட்கள் தங்கினோம். அவற்றுள் ஒரு நாளை, அருவிகளையும் மலைவாழ் மக்களின் ஊரையும் வழிகாட்டியுடன் சுற்றிக் காட்டும் பயணத்துக்கு ஒதுக்கினோம். திரும்பி வந்ததிலிருந்து மார்த்தாண்டத்திலும் நாகர்கோவிலிலும் உள்ள உறவினர்கள் பலர், திற்பரப்பு பக்கத்திலேயே இருக்கும்போது அருவி பார்க்க அவ்வளவு தூரம் போக வேண்டுமா என்று கேட்கிறார்கள். அருவிக்காக மட்டும் என்றால் வேண்டாம் என்பதே என் பதில். அந்த நாளின் அருமை எங்களுக்கு மாலை நான்கு மணிக்குமேல், ஒரு வீட்டுத் திண்ணையில், ஒரு தறியின் முன்னால்தான் தெரிந்தது.

நாங்கள் தங்கிய விடுதியின் மூலமாக ஒரு சிறிய நிறுவனத்தில் பதிவு செய்தோம். ஒருவருக்கு நம் பணத்தில் ஏறத்தாழ 2,400 ரூபாய் ஆயிற்று. வேன், ஆங்கிலம் பேசும் வழிகாட்டி, நுழைவுச்சீட்டுகள், மதிய உணவு எல்லாம் இதில் அடக்கம். மாலை இசை நிகழ்ச்சிக்கு மட்டும் தனிக்கட்டணம். அங்கே விலைகள் பெரிய எண்களில் இருப்பதால் முதல் நாள் தலை சுற்றும். ஒரு ரூபாய்க்கு ஏறத்தாழ 300 டாங் என்று மனத்தில் வைத்துக்கொண்டால் கணக்கு எளிதாகிவிடும். காலை எட்டு மணிக்குச் சொன்னபடி வேன் வந்தது. எங்களுடன் மேலும் ஐந்து பேர் இருந்தார்கள். வழிகாட்டியாக வந்த இளைஞர் லாங் பியாங் மலையடிவாரத்து லாட் கிராமத்தில் பிறந்த கோஹோ இனத்தவர். அவர் வராமல் வேறொருவர் வந்திருந்தால் இந்த மதிப்புரையே வேறுவிதமாக அமைந்திருக்கும்.

நகரை விட்டு மேற்கே டா நுங் கணவாய் வழியாக இறங்கும்போது, இருபுறமும் பைன் மரங்கள் முடிந்து, மலைச்சரிவு முழுவதும் நெகிழிக் கூரை போட்ட பூங்குடில்கள் தொடங்குகின்றன. செவ்வந்தியும் ரோஜாவும் இங்கிருந்துதான் வியட்நாமின் மற்ற நகரங்களுக்குப் போகின்றன என்று வழிகாட்டி சொன்னபோது, தோவாளைச் சந்தையை நினைத்துக்கொண்டோம். 'டா' என்றால் கோஹோ மொழியில் தண்ணீர் அல்லது ஓடை. கோஹோ இனத்தின் ஒரு பிரிவினரான லாட் மக்களின் ஓடை என்பதுதான் ஊர்ப்பெயரின் பொருள். 1893 ஆம் ஆண்டு அலெக்சாந்தர் யெர்சின் என்ற மருத்துவர் இந்தப் பீடபூமிக்கு வந்ததையும், அடுத்த ஆண்டே ஹாங்காங்கில் அவர் பிளேக் நோய்க் கிருமியைக் கண்டறிந்ததையும், அவர் சொல்லித்தான் பிரெஞ்சுக்காரர்கள் இங்கே கோடை வாசத்தலம் அமைத்தார்கள் என்பதையும் எல்லா வழிகாட்டிகளும் சொல்வார்கள். அதற்கு முன்பே இந்த ஊருக்கு ஒரு பெயரும் உரியவர்களும் இருந்தார்கள் என்பதிலிருந்து இவர் தொடங்கினார்.

முதல் நிறுத்தம் காப்பித் தோட்டம். காப்பி விளைச்சலில் பிரேசிலுக்கு அடுத்த இடம் வியட்நாமுக்கு. நல்லமிளகு ஏற்றுமதியில் முதலிடம். எனவே குலசேகரம் பக்கத்துத் தோட்டக்காரர் எவரும் ஆர்வத்துடன் கேட்டுத் தெரிந்துகொள்ள அங்கே நிறைய இருக்கிறது. ஆனால் தோட்டத்தைப் பத்து நிமிடத்தில் முடித்துவிட்டு எங்களைக் கொட்டகைக்கு அழைத்துச் சென்றார்கள். அங்கே கம்பிக் கூண்டுகளில் மரநாய்களை அடைத்து வைத்திருந்தார்கள். அவை தின்று கழித்த கொட்டையிலிருந்து எடுக்கும் காப்பிக்கு விலை அதிகம். இரவில் மரத்துக்கு மரம் தாவித் திரிய வேண்டிய அந்த உயிர்களில் ஒன்று, கூண்டின் ஒரு மூலையிலிருந்து மறு மூலைக்கு ஓயாமல் நடந்துகொண்டிருந்தது. என் மகள் அழுதுவிட்டாள். நாங்கள் அந்தக் காப்பியை வாங்கவில்லை. வேறு எவரும் வாங்க வேண்டாம் என்றும் கேட்டுக்கொள்கிறேன். இந்த நிறுத்தத்தைப் பயணத்திலிருந்து அறவே நீக்க வேண்டும். தகர வடிகட்டியைக் கோப்பையின் மேல் வைத்து, சொட்டுச் சொட்டாக இறங்கும் டிகாக்ஷனில் கெட்டிப்பாலைச் சேர்த்துக் குடிக்கும் சாதாரண வியட்நாம் காப்பி அதே கொட்டகையில் கிடைக்கிறது. அது மிகவும் நன்றாக இருந்தது.

நகரிலிருந்து ஏறத்தாழ 30 கிலோமீட்டரில் நாம் பான் என்ற ஊருக்கு அருகே யானை அருவி இருக்கிறது. வியட்நாமிய மொழியில் 'தாக் வோய்'. தாக் என்றால் அருவி, வோய் என்றால் யானை. அடியில் கிடக்கும் பாறைகள் படுத்திருக்கும் யானைக் கூட்டம்போல் தோன்றுவதால் வந்த பெயர். மே முதல் அக்டோபர் வரை அங்கே மழைக்காலம் என்பதால் நாங்கள் போனபோது தண்ணீர் நிறைந்து விழுந்தது. காம் லி ஆற்றின் அந்தத் தண்ணீர் செம்மண் கரைந்து, ஆனி மாதத்துக் கோதையாறுபோல் இருந்தது. மேலிருந்து பார்ப்பதற்கு ஒரு மேடை இருக்கிறது. அருவியின் அடிக்குப் போக வேண்டுமானால் பாறையில் வெட்டிய படிகளில், இரும்புக் கம்பியைப் பிடித்துக்கொண்டு, வழுக்கலில் இறங்க வேண்டும். முழங்கால் வலி உள்ளவர்களும் சிறு குழந்தைகளும் அதில் இறங்கவே கூடாது. எல்லா வயதினருக்கும் ஏற்ற பயணம் என்று பதிவின்போது எங்களிடம் சொன்னது தவறு. வழிகாட்டி நிலைமையை உடனே புரிந்துகொண்டு, ஓட்டுநரை அம்மையுடன் மேலேயே இருக்கச் சொல்லி, நாற்காலியும் தேநீரும் ஏற்பாடு செய்துவிட்டுத்தான் எங்களை இறக்கினார். அடியில் நின்றால் முகத்தில் அறையும் சாரலும், நெஞ்சுக்கூட்டுக்குள் அதிரும் இரைச்சலும் இறங்கிய சிரமத்துக்குத் தகும். அதே பாறை இடுக்குகளில் நகரத்திலிருந்து ஆறு கொண்டுவந்த நெகிழிப் பைகள் சிக்கிக் கிடந்தன. அதைப் பார்க்க வருத்தமாக இருந்தது.

நம்மவர்கள் அறிய வேண்டிய ஒன்று: இங்கே குளிக்க முடியாது. நமக்கு அருவி என்றாலே எண்ணெய் தேய்த்துத் தலையைக் கொடுத்து நிற்பதுதான். அங்கே அருவி பார்ப்பதற்கு உரியது. துவர்த்தும் மாற்றுத்துணியும் சுமந்து போக வேண்டியதில்லை. மழைக்கோட்டும், பிடிமானமுள்ள செருப்பும் போதும்.

அருவியை ஒட்டியே லின் அன் என்ற புத்தக் கோயில் இருக்கிறது. அதன் வளாகத்தில் மிக உயரமான வெண்ணிறக் குவான் ஆம் சிலை நிற்கிறது. வியட்நாமியர் பெண்ணுருவில் வணங்கும் இந்தக் குவான் ஆம், கருணையின் வடிவாகப் பௌத்தர்கள் போற்றும் போதிசத்துவரான அவலோகிதரே ஆவார். அவலோகிதர் வீற்றிருக்கும் போதலக மலை தென்னாட்டு மலைய மலைப் பக்கத்தில் இருப்பதாக ஏழாம் நூற்றாண்டுச் சீனப் பயணி யுவான் சுவாங் எழுதியிருக்கிறார். அது நம் பொதிகையே என்று கருதும் ஆய்வாளர்கள் உண்டு. இதை வழிகாட்டியிடம் சொன்னேன். அவர் அதைத் தம் குறிப்பேட்டில் எழுதிக்கொண்டார்.

நாம் பானில் உள்ள பட்டுக்கூடத்தில் அரைமணி நேரம் இருந்தோம். கொதிநீரில் மிதக்கும் வெண்கூடுகளின் மேல் ஒரு பெண் சிறு துடைப்பத்தை மெல்ல உருட்டுகிறார். கண்ணுக்குத் தெரியாத நூல் நுனிகள் அதில் ஒட்டிக்கொண்டு மேலே வருகின்றன. பல கூடுகளின் இழைகளை ஒன்றாகச் சேர்த்து இயந்திரத்தின் கண்ணில் கோத்துவிடுகிறார். ஒரே கூட்டிலிருந்து பல நூறு மீட்டர் இழை அறுபடாமல் வரும் என்று பாடப்புத்தகத்தில் படித்திருந்த மகள், நீரில் கூடு சுழன்று சுழன்று மெலிவதைப் பார்த்துக்கொண்டே நின்றாள். விற்பனைக் கூடத்தில் வாங்கச் சொல்லி எவரும் நெருக்கவில்லை.

மதிய உணவு குறித்துச் சைவர்கள் கவனமாக இருக்க வேண்டும். கீரைக் குழம்பிலும் மீன் நீர் சேர்க்கும் நாடு அது. 'அன் சாய்' என்ற இரண்டு சொற்களைக் கற்றுக்கொண்டால் போதும். சைவ உணவு என்று பொருள். பௌத்தர்கள் பலர் அமாவாசையை அடுத்த முதல் நாளும் பௌர்ணமியன்றும் சைவம் உண்பதால் இந்தச் சொல் எந்தக் கடையிலும் விளங்கும். அம்மைக்காக முந்தின நாளே சொல்லியிருந்தோம். சோறும், கடலைப்பொடி தூவிய தோஃபுவும், வதக்கிய கீரையும் தனியாக வைத்திருந்தார்கள். திரும்பும் வழியில் பிரென் கணவாயில் உள்ள டாதன்லா அருவிக்கும் போனோம். நகரிலிருந்து ஐந்து கிலோமீட்டரில் இருப்பதால் கூட்டம் மிகுதி. தண்டவாளத்தில் சறுக்கிச் செல்லும் வண்டிக்காகவே பலர் வருகிறார்கள். பிள்ளைகளுக்குப் பிடிக்கும். அதற்குமேல் சொல்ல ஒன்றுமில்லை.

நான்கு மணிக்கு, நகருக்கு வடக்கே, 2,167 மீட்டர் உயரமுள்ள லாங் பியாங் மலையின் அடிவாரத்தில் இருக்கும் லாட் கிராமத்துக்கு வந்தோம். வழிகாட்டி எங்களைக் கடைவீதியில் விடாமல், தம் உறவினர் ஒருவரின் வீட்டுக்கே அழைத்துச் சென்றார். சுவரில் மாதாவின் படம் இருந்தது. இங்கே பலரும் கிறிஸ்தவர்கள். அறுபது வயது மதிக்கத்தக்க அம்மையார் ஒருவர் தரையில் கால்களை நீட்டி உட்கார்ந்து நெய்துகொண்டிருந்தார். அந்தத் தறிக்கு மரச்சட்டம் கிடையாது. நெடுக்கு இழைகளான பாவின் ஒரு முனையில் உள்ள மூங்கிலை இரு பாதங்களாலும் உதைத்துப் பிடித்திருக்கிறார். மறுமுனை இடுப்பைச் சுற்றிய பட்டையில் கட்டப்பட்டிருக்கிறது. முதுகைச் சற்றுப் பின்னே சாய்த்தால் பாவு விறைக்கிறது, முன்னே வந்தால் தளர்கிறது. குறுக்கு இழையான ஊடையை விட்டதும், வாள்போன்ற மரப்பலகையை நுழைத்துத் தம்மை நோக்கி இரண்டு முறை அடிக்கிறார். வடசேரியில் குழித்தறிச் சத்தத்துக்கு நடுவே வளர்ந்த என் அம்மை அவர் எதிரில் உட்கார்ந்து, ஒரு வார்த்தையும் பேசாமல், பாவின் இழுவையை விரலால் தொட்டுப் பார்த்தார். அந்த அம்மையார் சிரித்துவிட்டு, பலகையை என் அம்மையின் கையில் கொடுத்தார். இருவருக்கும் பொதுவான மொழி ஒன்றுகூட இல்லை.

அவர்கள் பேசிக்கொண்டதை வழிகாட்டிதான் இரு பக்கமும் எடுத்துச் சொன்னார். அவர் ஆங்கிலத்தில் சொன்னதை நான் அம்மைக்குத் தமிழில் சொன்னேன். கோஹோ மக்களிடம் பெண் வீட்டார்தான் மாப்பிள்ளை கேட்டுப் போவார்கள். திருமணத்துக்குப் பின் மாப்பிள்ளை பெண்ணின் வீட்டுக்கு வந்துவிடுவார். பிள்ளைகள் தாயின் குடிப்பெயரைத் தாங்குவார்கள். தம் பெயரின் முன்பகுதியும் தாய்வழி வந்தது என்றார். இதைக் கேட்டதும் அம்மை, "இது நம்ம ஆச்சி காலத்து மருமக்க வழி மாதிரில்லா இருக்கு, மக்களே" என்றார். நாஞ்சில் நாட்டிலும் திருவிதாங்கூரின் மற்றப் பகுதிகளிலும் இருந்த அந்த முறையை 1920களில் சட்டங்கள் இயற்றி மாற்றினார்கள். நம்மிடம் சொத்து தாய்மாமனிடமிருந்து மருமகனுக்குப் போயிற்று. கோஹோ மக்களிடம் அது மகள்களுக்குப் போகிறது. இந்த வேறுபாட்டை நான் சொன்னபோது வழிகாட்டி நம் முறையைப் பற்றி எங்களைவிட அதிகக் கேள்விகள் கேட்டார். பண்பாட்டுச் சுற்றுலா என்ற சொல்லுக்கு அந்த ஒரு மணி நேரம் முழுப்பொருள் தந்தது. அந்த வீட்டாருக்கு நிறுவனம் ஒரு தொகை கொடுக்கிறது. துணி விற்ற பணம் முழுவதும் அவர்களுக்கே என்பதையும் கேட்டு உறுதி செய்துகொண்டேன். பேச்சிப்பாறைக்கு வரும் பயணிகள் காணி மக்களின் பெயரைக்கூட அறியாமல் அணையை மட்டும் பார்த்துவிட்டுத் திரும்புவதை எண்ணிப் பார்க்கையில், இப்படி உரியவர்களே முன்னின்று, அவர்கள் இசைவோடு நடத்தும் ஓர் ஏற்பாடு நம் மாவட்டத்திலும் வேண்டும் என்று தோன்றியது.

மாலை இசை நிகழ்ச்சியைப் பற்றி எனக்கு இரண்டு மனம். மத்திய மலைநாட்டு மக்களின் இந்த வெண்கலத் தட்டு இசையை யுனெஸ்கோ 2005 ஆம் ஆண்டு மானுடத்தின் அரும்பெரும் மரபாக அறிவித்தது. நம் கோயில்களில் ஒலிக்கும் சேகண்டியைப் போன்ற தட்டுகள். ஆனால் அளவுக்கு ஏற்ப ஒவ்வொன்றுக்கும் ஒரு சுரம், ஒவ்வொன்றுக்கும் ஓர் ஆள். பாட்டு நகர வேண்டுமானால் எல்லாரும் தத்தம் நொடியில் அடித்தாக வேண்டும். ஒருவர் தவறினாலும் அங்கே ஓர் ஓட்டை விழும். தொடக்கத்தில் தீயைச் சுற்றி வந்து அவர்கள் வாசித்த பத்து நிமிடங்கள் மெய்சிலிர்க்க வைத்தன. அதன்பின் ஒலிபெருக்கியைத் திறந்து, பதிவுசெய்த பாட்டைப் போட்டு, பார்வையாளரை எல்லாம் ஆட அழைத்தார்கள். தட்டுகளின் ஓசை அதில் அமுங்கிப்போயிற்று. சாடியில் புளிக்கவைத்து நீண்ட மூங்கில் குழல்களால் உறிஞ்சும் அரிசி மது எல்லாருக்கும் உண்டு. வேண்டாம் என்றால் வற்புறுத்துவதில்லை.

போக நினைப்பவர்களுக்கு: கொச்சியிலிருந்தும் திருச்சியிலிருந்தும் ஹோ சி மின் நகருக்கு 2023 ஆம் ஆண்டு நேரடி விமானங்கள் தொடங்கின, விசாவை இணையத்திலேயே பெறலாம். அங்கிருந்து படுக்கை வசதிப் பேருந்தில் ஓர் இரவுப் பயணம். மாலையில் டா லாட்டில் குளிரும் என்பதால் முதியவர்களுக்குக் கம்பளி கட்டாயம்.

மரநாய்க் கூண்டை நீக்கிவிட்டு அந்த நேரத்தைத் தறி வீட்டுக்குக் கொடுக்கும்படியும், யானை அருவியின் படிகளைப் பற்றி முன்கூட்டியே சொல்லும்படியும் நிறுவனத்துக்கு எழுதினேன். முன்பே கேட்பவர்களுக்குக் காப்பி நிறுத்தத்தை விட்டுவிட்டு, கிராமத்துக்கு மூன்று மணிக்கே அழைத்துச் செல்வதாகப் பதில் வந்திருக்கிறது. எந்த நிறுவனத்தில் பதிவு செய்தாலும் இந்த இரண்டையும், வழிகாட்டி அந்த ஊர்க்காரர்தானா என்பதையும் பணம் கட்டும் முன்பே கேட்டுக்கொள்ளுங்கள்.