இரட்டைக்கல்லோடு 5 ஆண்டுகள்: ஐஸ்லாந்து ஸ்பார் அனுபவம்

போன வாரம் நண்பர் ஒருவர் அழைத்தார். "அந்த இரட்டைக்கல் இன்னும் வச்சிருக்கீங்களா? நானும் ஒண்ணு வாங்கலாம்னு பார்க்கறேன், எப்படி இருக்கு?" கேட்ட நேரம் சரியில்லை. அதற்கு இரண்டு நாள் முன்புதான் கல்லின் மேல்முகத்தில் கோணலாக ஒரு புதுக் கீறல் விழுந்திருந்தது. "வேண்டவே வேண்டாம்" என்று சொல்லி வைத்துவிட்டேன். அவருக்கு ஒழுங்காகச் சொல்லியிருக்க வேண்டியதை இங்கே எழுதுகிறேன்.

இரட்டைக்கல் என்று நாங்கள் சொல்வது ஐஸ்லாந்து ஸ்பாரைத்தான். அதன் வழியே பார்த்தால் எதுவும் இரண்டாகத் தெரியும். நிறமே இல்லாத தெளிந்த கால்சைட் என்ற கனிமம். சுண்ணாம்புக்கல் எந்தப் பொருளோ அதே கால்சியம் கார்பனேட்தான். என்னிடம் இருப்பது உள்ளங்கையில் அடங்கும் சாய்ந்த கட்டி, தடிமன் 3 செ.மீ. பெயரில் மட்டும்தான் ஐஸ்லாந்து. அங்கே புகழ்பெற்ற ஹெல்குஸ்தாதிர் சுரங்கம் இன்று பாதுகாக்கப்பட்ட இடம். கல் எடுக்க அனுமதி இல்லை. என்னுடையது மெக்சிகோவிலிருந்து வந்தது.

கீறல் விஷயத்தை முதலில் சொல்லிவிடுகிறேன், அதுதான் 5 ஆண்டாக மனதை அரிக்கிறது. கனிமங்களின் கடினத்தை 1 முதல் 10 வரை சொல்லும் மோஸ் அளவுகோலில் கால்சைட்டின் கடினம் 3. நம் நகமே 2.5. இது வாங்குவதற்கு முன்பே தெரியும். சாவிக்கொத்து, கத்தி எதையும் அதன் பக்கத்தில் வைத்ததில்லை. தெரியாமல் போனது தூசி. வீட்டுத் தூசியில் குவார்ட்ஸ் துகள்கள் உண்டு, அவற்றின் கடினம் 7. மெத்தென்ற துணியால் தினமும் பாசமாகத் துடைத்தேன். துடைத்த ஒவ்வொரு முறையும் உப்புத்தாளால் தேய்த்திருக்கிறேன் என்பது ஆறு மாதம் கழித்துத்தான் புரிந்தது. அதற்குள் மேல்முகத்தில் கண்ணில் புரை விழுந்ததுபோல ஒரு மங்கல். கண்ணாடி துடைக்கும் திரவம் கொண்டு அதைச் சரிசெய்யப் பார்த்தேன். அதில் அமிலம் கலந்திருந்தது. கால்சைட் அமிலத்தில் கரையும் என்பது பள்ளியில் படித்ததுதான், அந்த நேரத்தில் நினைவுக்கு வரவில்லை. ஒரு முகத்தின் பளபளப்பு அன்றோடு போனது. விற்பவர்கள் இதையெல்லாம் ஒரு சீட்டில் எழுதி உள்ளே வைக்கலாம். வைப்பதில்லை.

இப்போது துடைப்பதே இல்லை. தண்ணீரில் அலசி, மெல்லிய தாளில் ஒற்றி எடுக்கிறேன். அப்படியும் போன வாரம் ஒரு கீறல்!

ஆனால் இதே கல்லை ஒரு புத்தகத்தின் மேல் வைத்துப் பாருங்கள். ஒவ்வோர் எழுத்தும் இரண்டாகும். இரண்டும் சாம்பல் நிறம். ஒன்றன்மேல் ஒன்று விழும் இடத்தில் மட்டும் கறுப்பு. கல்லைச் சுழற்றினால் ஒன்று நின்ற இடத்தில் நிற்கும், மற்றொன்று அதைச் சுற்றி வரும். கல் ஒளியை இரண்டு கதிர்களாகப் பிரிக்கிறது. நிற்பது சாதாரண கதிர், சுற்றுவது அசாதாரண கதிர். ஒளியைக் கல் எவ்வளவு வளைக்கிறது என்று சொல்லும் ஒளிவிலகல் எண் முதலாவதற்கு 1.658, இரண்டாவதற்கு 1.486 வரை இறங்கும். இன்னும் கொஞ்சம் உற்றுப் பார்த்தால் நிற்கும் எழுத்து சற்று மேலே மிதப்பது தெரியும். டென்மார்க்கின் ராஸ்மஸ் பார்த்தோலின் 1669-ல் இதை எழுதி வைத்தார். எனக்கு இது அலுக்க இரண்டு மாதம்கூட ஆகாது என்று எண்ணியிருந்தேன். இன்றைக்கும் வேலைக்கு நடுவே கை தானாக அதைத் தேடிப் போகிறது.

எதிர்பாராத மகிழ்ச்சி இரண்டாம் ஆண்டில் கிடைத்தது. மடிக்கணினியின் எல்சிடி திரைமேல் தற்செயலாகக் கல்லை வைத்தேன். இரட்டை எழுத்துகளில் ஒன்று காணவில்லை! மெதுவாகத் திருப்பினேன், மறைந்தது மெல்லத் துளிர்த்து வந்தது, இருந்தது கரைந்தது. கால் வட்டம் திருப்பியதும் முழு இடமாற்றம். திரையிலிருந்து வரும் ஒளி ஏற்கெனவே ஒரே தளத்தில் அதிர்வது. கல் அதை ஒரு வழியில் மட்டும் விடுகிறது. பாடப்புத்தகத்தில் தளவிளைவு என்று மனப்பாடம் செய்தது அன்றைக்குத்தான் கண்ணுக்குத் தெரிந்தது. 1808-ல் பிரெஞ்சு இயற்பியலாளர் எதியென் மாலுஸ் பாரிஸில், லக்சம்பர்க் அரண்மனை ஜன்னல்களில் பட்டுத் திரும்பிய மாலை வெயிலை இப்படி ஒரு கல் வழியாகப் பார்த்துத்தான், எதிரொளித்த ஒளிக்கும் இந்தக் குணம் உண்டென்று கண்டார். நானும் எதிர்வீட்டு ஜன்னல் கண்ணாடியில் செய்து பார்த்தேன். அரண்மனை தேவையில்லை.

வட ஐரோப்பாவின் பழைய வைக்கிங் மாலுமிகள் இதுபோன்ற கல்லைச் சூரியக்கல்லாக, அதாவது மறைந்திருக்கும் சூரியனைக் காட்டும் கல்லாக வைத்துத் திசை பார்த்தார்கள் என்ற ஊகத்தை டென்மார்க்கின் தொல்லியலாளர் தோர்கில்ட் ராம்ஸ்கோ 1967-ல் முன்வைத்தார். உறுதியான சான்று இல்லை. நானும் மேல்முகத்தில் ஒரு புள்ளி வைத்து, வானத்தை நோக்கிப் பிடித்து, இரண்டு புள்ளிகளும் ஒரே கருமையாகும் வரை திருப்பிப் பார்த்தேன். தெளிந்த மாலை வானில் திசை ஓரளவு பிடிபட்டது. மூட்டமான நாளில் என் கண்ணுக்கு ஒன்றும் புலப்படவில்லை. ஆங்கிலக் கால்வாயில் உள்ள ஆல்டர்னி தீவருகே 1592-ல் மூழ்கிய கப்பலில் இப்படியொரு கால்சைட் கிடைத்தது. அதுவும் மணலில் உரசி வெளுத்து மங்கித்தான் போயிருந்தது. அதைப் படித்தபோது என் கல்லைத்தான் நினைத்துக்கொண்டேன்.

மூன்றாம் ஆண்டு மேசையிலிருந்து விழுந்து ஒரு மூலை பிளந்தது. நொறுங்கவில்லை, நேர்க்கோட்டில் பிளந்தது. தெறித்த துண்டும் அதே சாய்ந்த கட்டி, அதே 78, 102 பாகைக் கோணங்கள். கைதவறி விழுந்த கால்சைட் இப்படி உடைந்ததைப் பார்த்துத்தான் பிரெஞ்சுக் கனிமவியலாளர் ரெனே ஜூஸ்ட் ஆயுய் படிகங்களின் உள்ளமைப்பை யோசிக்கத் தொடங்கினார் என்று ஒரு கதை உண்டு. நம்பலாம்போலத்தான் இருக்கிறது. பிளந்த முகம் அப்போதுதான் பிறந்ததுபோல அவ்வளவு தெளிவு. என் துணி படாத முகம்.

(சூடாக்கினால் ஒரு திசையில் விரிந்து, அதற்குக் குறுக்கே சுருங்கும் கல் இது. அதை மட்டும் சோதிக்கவில்லை. மனம் வரவில்லை.)

ஆக, நண்பரே, நான் சொன்னதில் மாற்றமில்லை. மேசைமேல் வைத்து அழகு பார்க்க என்றால் வாங்காதீர்கள். ஒரே ஆண்டில் மனம் நொந்துபோவீர்கள். நான் 5 செ.மீ. தடிமனில் ஒன்று தேடிக்கொண்டிருக்கிறேன். என் கல்லில் இரண்டு எழுத்துக்கும் இடைவெளி 3 மி.மீ.தான். அதில் 5 மி.மீ.-க்கு மேல் வரும். சிறிய எழுத்து முழுசாகப் பிரிந்து நிற்கும். அதைப் பார்க்க வேண்டும்.