பயிற்சிக்குப் பின்: விழிப்பா, தூக்கமா?

2002-ல் ஹார்வர்டைச் சேர்ந்த மேத்யூ வாக்கர், ராபர்ட் ஸ்டிக்கோல்ட் குழுவினர், வலக்கைப் பழக்கமுள்ளவர்களை ஐந்து எண்கள் கொண்ட வரிசையை இடக்கை விரல்களால் வேகமாகத் தட்டவைத்தார்கள். காலையில் பழகி, பகல் முழுக்க விழித்திருந்தவர்களுக்கு 12 மணி நேரம் கழித்தும் பெரிய முன்னேற்றம் இல்லை.

இரவில் பழகித் தூங்கி எழுந்தவர்களுக்கோ, இடையில் ஒருமுறைகூடப் பழகாமலே, வேகம் சுமார் 20 சதவீதம் கூடியிருந்தது! சரி, பகல் குழுவுக்கு நஷ்டமா? இல்லை, அன்றிரவு தூங்கியதும் அவர்களும் எட்டிப் பிடித்தார்கள். இந்த முன்னேற்றம் பின்னிரவில் வரும் இரண்டாம் நிலைத் தூக்கத்தின் (மிக ஆழமில்லாத, கனவுக் கட்டமும் அல்லாத தூக்கம்) அளவோடு ஒத்துப்போனது. இதில் ஒரு பங்கு கைச்சோர்வு நீங்கியதால் வந்தது என்று பிற்பாடு சிலர் வாதிட்டார்கள். இருந்தாலும், வீணை பழகும் பிள்ளையை அரைத்தூக்கத்தில் எழுப்பிச் சாதகம் செய்யச் சொல்வது எனக்குச் சரியாகப் படவில்லை.