பாட்டரி டவுன் மண்தட்டு: ஒரு குளிர்காலம் வைத்துப் பார்த்த பிறகு

பறவைகளுக்குத் தண்ணீர் வைக்க பெங்களூருவில் குயவர்கள் மண்பாண்டம் செய்து விற்கிற பாட்டரி டவுனில் போன செப்டம்பரில் ஒரு மண்தட்டு வாங்கினேன், 220 ரூபாய். தாராளமாக வாங்கலாம்.

அதற்கு முந்தைய வருஷம் ஆன்லைனில் ஒரு பிளாஸ்டிக் தீனிக்கூடு வாங்கி, கம்பும் தினையும் நிரப்பி பால்கனியில் தொங்கவிட்டேன். புறாக்கள்தான் வந்து குவிந்தன, இரண்டே மாதத்தில் கொக்கியும் உடைந்தது. நான் எதிர்பார்த்ததோ பச்சைக் கதிர்க்குருவியை, ஆங்கிலத்தில் கிரீனிஷ் வார்ப்ளர் என்பார்கள். அது தானியத்தைத் தேடி வருகிற பறவை இல்லை என்பதே அப்புறம்தான் எனக்குத் தெரிந்தது. எங்கள் லிங்கராஜபுரம் வீட்டு வாசல் புங்கமரத்தில் இலை இலையாகத் துழாவிப் பூச்சி பிடித்துத் தின்கிறது, அதனால் மரத்துக்கு மருந்து அடிக்காமல் விட்டு, தண்ணீர் வைத்தால் போதும்.

எடை எட்டு கிராம்தான் இருக்கும். கோடையில் இமயமலையிலும் அதைத் தாண்டி ரஷ்யக் காடுகளிலும் கூடு கட்டிவிட்டு, குளிருக்கு முன் இங்கே இறங்கிவிடுகிறது. இமயமலையிலிருந்தே வைத்துக்கொண்டாலும் சுமார் 2,000 கிலோமீட்டர், அதுவும் பெரும்பாலும் ராத்திரியில் பறந்து! வந்த பிறகு ஒவ்வொன்றும் தனக்கென்று ஓர் இடம் பிடித்துக்கொண்டு, இன்னொன்றை அண்டவிடாமல் நாளெல்லாம் 'ச்சிஸ்வீ, ச்சிஸ்வீ' என்று கத்திக்கொண்டிருக்கும். எங்கள் தெருவில் ஹாரன் சத்தத்துக்கு நடுவிலும் அது தனியாகக் கேட்கும். பார்க்க மங்கிய பச்சை, கண்ணுக்கு மேல் வெளிர் புருவக்கோடு, சிறகில் மெல்லிய ஒரு கீற்று. இலைக்குள் கண்டுபிடிப்பது சிரமம் என்பதால் நான் முதலில் பறவைகளை அடையாளம் சொல்லும் மெர்லின் செயலியில் குரலை வைத்துத்தான் உறுதிசெய்தேன், இலவசம்தான், நன்றாக வேலை செய்தது.

சரி, தட்டு. கடையில் இருந்த அக்கா தமிழ் பேசுகிறவர். நான் ஆழமான ஒன்றை எடுத்ததும், "அது வேணாம் தம்பி, குஞ்சு விழுந்தா ஏற முடியாது, இதை எடுத்துக்கோ" என்று ஒன்றரை அங்குல ஆழத்தில் அகலமான இதைக் கொடுத்தார். சரியான யோசனை. உட்புறம் சொரசொரப்பாக இருப்பதால் கால் வழுக்குவதில்லை. முதல் இரண்டு நாள் நீர் கசிந்தது, ஒரு ராத்திரி முழுக்க வாளியில் ஊறப்போட்ட பிறகு குறைந்துவிட்டது. அடிப்பக்கம் சமமாக இல்லாமல் ஆடுகிறது, கீழே சாக்கு மடித்து வைத்திருக்கிறேன். பாசி பிடிக்கும். தினமும் காலையில் தண்ணீரை மாற்றி, தேங்காய் நாரால் தேய்த்துக் கழுவ வேண்டும், சோப்பு கூடாது, கொசு வரும் என்பதால் ஒருநாள்கூட விட முடியாது. இதற்கு நேரம் இல்லாதவர்கள் வாங்க வேண்டாம்.

அக்டோபர் இரண்டாவது வாரம் கதிர்க்குருவியின் குரல் கேட்டது. தட்டுக்கு வர இன்னும் பதினைந்து நாள் ஆனது. மத்தியானம் இரண்டு மணி வாக்கில் தனியாக வந்து விளிம்பில் உட்கார்ந்து, மேலும் கீழும் பார்த்துவிட்டு, முங்கி முங்கிச் சிறகை உதறியது. கைக்கு எட்டும் தூரத்தில் கதவுக்குப் பின்னால் நான் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

ஏப்ரல் கடைசியில் ஒரு காலை புங்கமரம் சத்தமில்லாமல் இருந்தது. தட்டை எடுக்கவில்லை, மே வெயிலுக்குக் கொண்டைக்குருவிகள் வருகின்றன. இந்த செப்டம்பருக்கு மாடியில் வைக்க இன்னொன்று வாங்கப் போகிறேன், இந்த முறை அடிப்பக்கத்தைத் தரையில் வைத்துப் பார்த்துவிட்டு.