1979, 1997: வேல்ஸின் இரண்டு வாக்கெடுப்புகள்

கேள்வி ஏறத்தாழ ஒன்றுதான்: பிரிட்டனின் ஒரு பகுதியான வேல்ஸுக்கெனத் தனிப் பேரவை வேண்டுமா? 1979 மார்ச் 1-இல் 'வேண்டும்' என்றவர்கள் சுமார் 20 விழுக்காடு. எட்டு மாவட்டங்களும் கைவிரித்தன. மொத்த வாக்காளர்களில் 40 விழுக்காட்டினர் ஆதரிக்க வேண்டும் என்ற விதியைப் பலர் குறைசொல்வார்கள். அது இல்லாவிட்டாலும் தோல்விதான். ஆளும் தொழிற்கட்சிக்குள்ளிருந்தே நீல் கின்னக் போன்றோர் எதிர்ப்பிரசாரம் செய்தது பெரிய அடி.

1997 செப்டம்பர் 18-இல் சாதாரணப் பெரும்பான்மையே போதும். மே மாதப் பொதுத்தேர்தலில், பேரவையை எதிர்த்த கன்சர்வேட்டிவ் கட்சிக்கு வேல்ஸில் ஓரிடம்கூடக் கிடைக்கவில்லை. ஸ்காட்லாந்தும் தனக்கென ஒரு நாடாளுமன்றத்துக்கு ஒரு வாரம் முன்பே 'ஆம்' சொல்லியிருந்தது. அப்படியும் இழுபறி! 22 பகுதிகளில் 11 இந்தப் பக்கம், 11 அந்தப் பக்கம். கடைசியாக வந்த கார்மார்த்தன்ஷயர் முடிவுதான் கரைசேர்த்தது. வித்தியாசம் 6,721 வாக்குகள். பேரவை பிறகு வந்தமர்ந்த தலைநகர் கார்டிஃபோ, 'வேண்டாம்' பக்கம்.