கேம் எல்லாம் போட்டே தருகிறோம் என்று விஆர் ஹெட்செட் விற்கிறார்கள், கவனம்

திருகோணமலையில் பிள்ளைகளுக்கு விஆர் ஹெட்செட் (கண்ணில் மாட்டிக்கொண்டு கேம் விளையாடுகிற சாதனம்) வாங்க யோசிக்கிறவர்கள் தயவுசெய்து வாசியுங்கள். டவுனில் ஒரு கடையில் மகனுக்கு மெட்டா கம்பனியின் குவெஸ்ட் 3 ஹெட்செட் வாங்கினோம். "அக்கா, நாப்பது கேமுக்கு மேல ஏத்தித்தாறம், எல்லாம் ஒரிஜினல், இனி நீங்க ஒண்டும் வாங்கத் தேவையில்ல" என்று சொல்லி, அதற்கென்று தனியாகக் காசும் எடுத்தார்கள்.

வீட்டில் போட்டுப் பார்த்தால் அத்தனையும் 'அன்னோன் சோர்சஸ்' என்ற பகுதிக்குள் கிடக்கிறது, மெட்டாவின் ஸ்டோருக்கு வெளியே இருந்து ஏற்றியவை வருகிற இடம் அது. அப்படி ஏற்ற விடுகிற டெவலப்பர் மோட் என்ற செட்டிங்கைத் திறந்து, எங்கிருந்தோ எடுத்த ஏபிகே கோப்புகளை (கேமை நேரடியாக ஏற்றுகிற கோப்புகள்) ஏற்றியிருக்கிறார்கள். அந்தப் பகுதியில் இருப்பதெல்லாம் திருட்டு என்றில்லை, சிறிய டெவலப்பர்கள் இலவசமாகத் தரும் கேம்களும் அங்கேதான் வரும். ஆனால் ஸ்டோரில் 30 டொலர் அளவில் விற்கிற பீட் சேபர் என்ற கேம் அங்கே இருந்தால் திருட்டுத்தான், சந்தேகமே வேண்டாம்.

உவர்மலையில் இருக்கிற கூட்டாளியோடு சேர்ந்து விளையாட மகன் அவ்வளவு ஆசையாக இருந்தான், மல்டிபிளேயர் கனெக்ட் ஆகவே இல்லை. கேம்களுக்கு அப்டேட் வராது. ஹெட்செட்டின் சிஸ்டம் அப்டேட் ஆனதும் சில கேம்கள் லோகோவோடு நின்றுவிட்டன, இன்னொன்று திக்கித் திக்கி ஓடுகிறது. டிவியில் என்றால் பொறுத்துக்கொள்ளலாம், கண்ணோடு ஒட்டிய திரையில் தலை திரும்புகிற வேகத்துக்குப் படம் வராவிட்டால் தலைசுற்றும். பிள்ளை வாந்தி எடுத்துவிட்டான்.

இதைவிட எனக்கு வயிறு எரிவது, ஹெட்செட்டின் பிரதான கணக்கே கடைக்காரருடையது! நாங்கள் காசு கொடுத்து வாங்கிய சாமானுக்கு அவருடைய ஈமெயில். எங்கள் கணக்கைப் பிரதான கணக்காக்க ஃபேக்டரி ரீசெட் செய்ய வேண்டும், செய்தால் ஏற்றித் தந்த கேமெல்லாம் அழியும். சரி, நம்முடைய கணக்கிலேயே திருட்டு கேம் ஓடினால்? மெட்டா அந்தக் கணக்கை முடக்கலாம், அப்புறம் காசு கொடுத்து வாங்கிய கேம்களும் கைக்கு வராது. அறையையே பார்க்கிற கேமராவும் மைக்கும் உள்ள சாதனம் வேறு, யார் கைவைத்தது என்று தெரியாத கோப்பை அதில் எப்படி நம்புவது?

திரும்பப் போய்க் கேட்டால் "அது அப்பிடித்தான் அக்கா" என்கிறார்கள். காசு தரவில்லை.

வாங்குகிறவர்கள் பெட்டியை உங்கள் முன்னால் பிரிக்கச் சொல்லுங்கள், முதல் செட்டப்பை உங்கள் ஈமெயிலில் நீங்களே செய்யுங்கள். ஸ்டோரில் வாங்கிய கேம் பிடிக்காவிட்டால், இரண்டு மணித்தியாலத்துக்குக் குறைவாக விளையாடியிருந்தால், 14 நாளுக்குள் பொதுவாகக் காசைத் திருப்பிக் கேட்கலாம். கடையில் கேம் என்று சொல்லிக் காசு எடுத்தால் அதையும் பில்லில் எழுதி வாங்குங்கள். எங்கள் பில்லில் ஹெட்செட் மட்டும்தான் இருக்கிறது, அதையும் வைத்துக்கொண்டுதான் நுகர்வோர் அலுவல்கள் அதிகாரசபையின் 1977 இலக்கத்தில் முறைப்பாடு கொடுத்திருக்கிறோம்.